கூலியா, மரியாதையா? நான்சி ஃப்ரேசரின் நீதிக் கோட்பாட்டை நெல்லைச் சீமையில் வைத்துப் பார்த்தல்

திருநெல்வேலிப் பக்கம் எந்தப் போராட்டத்தைப் பற்றிப் பேச்சு எழுந்தாலும் கொஞ்ச நேரத்தில் அது இரண்டாகப் பிரிந்துவிடுகிறது. மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டம் என்றால் "அது கூலிப் பிரச்சினை, அதில் சாதியை இழுக்காதீர்கள்" என்று ஒரு தரப்பு. "தோட்டத்தில் இருந்தவர்களில் பெரும்பாலோர் யார் என்று பார்த்துவிட்டுப் பேசுங்கள்" என்று மறுதரப்பு. சாதிப் பெயரை மாற்றக் கேட்டால் "பெயர் மாறினால் வயிறு நிறையுமா?" என்கிறார்கள். "வயிறு நிறைந்தவனையும் திண்ணையில் ஏற்றுவதில்லையே" என்று பதில் வருகிறது.

இரண்டும் அசட்டுப் பேச்சு அல்ல. ஆனால் எது முதலில் என்று கேட்டுக்கொண்டே இருந்தால், ஒன்றுக்குச் செய்யும் மருந்து மற்றொன்றை எப்படிக் கெடுக்கிறது என்பது கண்ணில் படாமலே போகும். அமெரிக்க அரசியல் தத்துவவாதி நான்சி ஃப்ரேசர் 1990-களிலிருந்து செய்துவரும் வேலையின் பயன் இங்கேதான். அவர் எழுதியது நம் ஊரைப் பற்றி அல்ல. சாதியை அவர் மையமாக வைக்கவும் இல்லை. அவர் செய்துவைத்த கருவிகள் இங்கே எவ்வளவு தூரம் வேலை செய்கின்றன, எங்கே மழுங்குகின்றன என்பதைப் பார்ப்போம்.

எந்த மரபு?

ஃப்ரேசர் 1947-இல் பால்டிமோரில் பிறந்தவர். நியூயார்க்கின் நியூ ஸ்கூலில் நெடுங்காலம் கற்பித்தவர். 'விமர்சனக் கோட்பாடு' என்ற மரபைச் சேர்ந்தவர். விமர்சனம் என்றதும் நமக்குப் பட விமர்சனமோ நூல் விமர்சனமோ நினைவுக்கு வரும். இது அதுவல்ல. 1923-இல் ஜெர்மனியின் ஃபிராங்ஃபர்ட் நகரில் தொடங்கிய சமூக ஆய்வு நிறுவனத்தைச் சுற்றி வளர்ந்த சிந்தனை இது. நிறுவனத்தின் இயக்குநராக இருந்த மாக்ஸ் ஹோர்க்ஹைமர் 1937-இல் எழுதிய கட்டுரையில் இரண்டு வகைக் கோட்பாடுகளைப் பிரித்துக் காட்டினார். ஒன்று, சமூகம் இப்படி இருக்கிறது என்று வெளியே நின்று விவரிப்பது. மற்றது, இந்த அமைப்பு யாரை அழுத்துகிறது, அழுத்தத்தை நீக்கும் வாய்ப்பு இதே சமூகத்துக்குள் எங்கே இருக்கிறது என்று கேட்பது. இரண்டாவதுதான் விமர்சனக் கோட்பாடு. நாஜிகள் 1933-இல் ஆட்சிக்கு வந்ததும் நிறுவனம் நாடு கடந்து நியூயார்க்குக்குப் போனது. அடுத்த தலைமுறையில் யூர்கன் ஹாபர்மாஸ், அதற்கடுத்து ஆக்ஸல் ஹொனெத் என்று தொடர்ந்தது.

ஃப்ரேசர் இந்த வரிசைக்குள் இருந்துகொண்டே சண்டை போடுகிறவர். தன் காலத்தின் போராட்டங்களும் வேட்கைகளும் தம்மைத் தாமே தெளிவுபடுத்திக்கொள்ளும் வேலை என்று மார்க்ஸ் 1843-இல் ஒரு கடிதத்தில் எழுதியதை 1985-இல் எடுத்துக்கொண்டார். இதைவிடச் சிறந்த வரையறை இன்னும் வரவில்லை என்றார். பிறகு அதே கோலால் ஹாபர்மாஸை அளந்து, பெண்களின் வீட்டு வேலை அவருடைய கோட்பாட்டில் நழுவிப்போகிறது என்று காட்டினார்.

மூன்று சொற்கள்

1. மறுபங்கீடு. வருமானம், நிலம், உழைப்பு, உழைக்காமல் இருக்கும் நேரம் ஆகியவை ஒரு சமூகத்தில் எப்படிப் பகிரப்படுகின்றன, அதை எப்படித் திருத்துவது என்பது. கூலி உயர்வு, நிலச் சீர்திருத்தம், ரேஷன், வரி எல்லாம் இதில் வரும்.

2. அங்கீகாரம். தமிழில் இந்தச் சொல் பாராட்டு, விருது, அரசு முத்திரை என்ற பக்கம் போய்விட்டது. ஃப்ரேசர் சொல்வது வேறு. யாரை முழு ஆளாக நடத்துவது, யாரைக் குறைந்தவராக, வேற்றாளாக, கண்ணில் படாதவராக நடத்துவது என்று ஒரு சமூகத்தின் வழக்கங்களும் விதிகளும் வகுத்து வைத்திருக்கின்றன. அந்த வகுப்பில் ஒருவருக்குக் கிடைக்கும் இடத்தை அவர் 'தகுதிநிலை' என்கிறார். தகுதிநிலையில் கீழே தள்ளப்படுவதுதான் அங்கீகார மறுப்பு.

3. பிரதிநிதித்துவம். முடிவெடுக்கும் இடத்தில் யாருக்குக் குரல் உண்டு, அதற்கும் முன்னால், யாரைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்று யார் தீர்மானிக்கிறார்கள் என்பது. முதலில் இரண்டாகத்தான் இருந்தது. 2005-ஐ ஒட்டித்தான் இந்த மூன்றாவதைத் தனிக் காலாகச் சேர்த்தார்.

இரண்டாவதில் பலர் சறுக்குகிறார்கள். அங்கீகார மறுப்பு என்பதை மனப்புண் என்று புரிந்துகொள்வதுதான் சறுக்கல். ஃப்ரேசர் மனப்புண்ணை அளக்கவில்லை, ஏற்பாட்டை அளக்கிறார். இரட்டைக் குவளை இருந்த டீக்கடையை எடுத்துக்கொள்ளுங்கள். தனிக் குவளையில் குடிப்பவருக்குப் பழகிப்போய் வலிக்காமல் இருக்கலாம். கடைக்காரர் தனிப்பட்ட முறையில் நல்ல மனிதராகவும் இருக்கலாம். இரண்டுமே பொருட்டில்லை. குவளை இரண்டு என்ற ஏற்பாடு இருக்கும்வரை அநீதி இருக்கிறது. யார் மனதையும் தோண்டாமல், சுவரில் மாட்டிய குவளையைக் காட்டி நிரூபிக்கலாம். சாதிப் பிரச்சினை பேசுகிறவர்களுக்கு இது பெரிய வசதி. "எங்கள் ஊரில் யாரும் மனதில் சாதி பார்ப்பதில்லை" என்ற வாதம் இங்கே எடுபடாது.

ஒரு சுவர், இரண்டு சோதனை

கொத்தனார் ஒரு சுவரை இரண்டு விதமாகச் சோதிப்பார். ரசமட்டத்தை மேலே வைத்தால் கிடைமட்டம் தெரியும். தூக்குக்குண்டைத் தொங்கவிட்டால் நேராக நிற்கிறதா என்பது தெரியும். ரசமட்டத்தில் குமிழி நடுவில் நிற்கிற சுவர் குண்டில் சாய்ந்திருக்கலாம். இரண்டு கருவி இருப்பதால் இரண்டு சுவர் இருப்பதாக ஆகாது.

ஃப்ரேசரின் பார்வை இருமை ஏறக்குறைய இதுதான். பொருளாதாரம், பண்பாடு என்று சமூகத்தில் இரண்டு தனித்தனிப் பகுதிகள் இல்லை. ஒவ்வொரு வழக்கத்தையும் இரண்டு கோணத்திலும் சோதிக்க வேண்டும். ஒரு கோணத்தில் பிழை தெரியவில்லை என்பதால் பிழையே இல்லை என்று எழுந்து போகக் கூடாது.

பீடிச் சுற்றை வைத்துப் பார்ப்போம். முக்கூடல், மேலப்பாளையம், ஆலங்குளம், கடையம் வட்டாரங்களில் வீட்டுத் திண்ணையில் சொளவை (முறத்தை) மடியில் வைத்துப் பீடி சுற்றும் பெண்களுக்குக் கூலி ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கணக்கு. கடையில் இலையும் தூளும் எடை போட்டுத் தருவார்கள். மறுபடி ஆயிரக் கணக்கில் பீடி வந்து சேர வேண்டும். இலை காய்ந்து நொறுங்கியிருந்தாலோ ஓட்டை விழுந்திருந்தாலோ எண்ணிக்கை வராது. குறையும் இலையைச் சுற்றுபவர் கைக்காசு போட்டு வாங்கி ஈடுகட்டுவார். கொண்டுபோன பீடியில் சரியில்லை என்று கழிப்பவை சுற்றியவர் நட்டம்.

பங்கீட்டுக் கோணத்தில் இது கூலித் திருட்டு, எளிதில் தெரியும். தகுதிநிலைக் கோணத்தில் வேறொன்று தெரிகிறது. ஆயிரத்துக்கு இவ்வளவு என்ற கூலி எழுதப்பட்டபோதே, இது முழுநேரத் தொழில் அல்ல, வீட்டில் சும்மா இருக்கும் பெண்கள் கைச்செலவுக்குச் செய்வது என்ற மதிப்பீடு உள்ளே புகுந்துவிட்டது. 1966-ஆம் ஆண்டின் பீடி, சுருட்டுத் தொழிலாளர் சட்டம் வீட்டில் சுற்றுபவரையும் தொழிலாளர் என்றே வரையறுத்தது. இருந்தும் சுற்றுபவரின் கணக்கு எழுதும் பாஸ் புத்தகம் ஒருவர் பெயரில், சுற்றுவது இன்னொருவர் என்று நடக்கிறது. பெயர் இல்லாதவருக்கு வைப்பு நிதியும் இல்லை, விபத்துக்கு ஈடும் இல்லை. பெயர் இல்லாமை என்பது தகுதிநிலைக் குறை; வைப்பு நிதி இல்லாமை பங்கீட்டுக் குறை. இரண்டும் ஒரே பாஸ் புத்தகத்தில் உட்கார்ந்திருக்கின்றன. ஒன்றைப் பிய்த்துத் தனியே எடுக்க முடியாது.

அளவுகோல்: சமநிலைப் பங்கேற்பு

சோதனை இரண்டு என்றாலும் அளவுகோல் ஒன்றுதான். சமூக வாழ்வில் பெரியவர்கள் எல்லோரும் ஒருவருக்கொருவர் நிகரானவர்களாகக் கலந்து புழங்க முடிகிறதா? இதைச் 'சமநிலைப் பங்கேற்பு' என்று தமிழில் சொல்லலாம். இதற்கு இரண்டு நிபந்தனைகள். ஒன்று, பிறர் தயவில்லாமல் வாழவும் பேசவும் போதிய பொருள் வேண்டும். இரண்டு, வழக்கங்களும் விதிகளும் எல்லோருக்கும் ஒரே மதிப்பைத் தர வேண்டும். பின்னாளில் மூன்றாவதும் சேர்ந்தது: முடிவெடுக்கும் முறையில் குரல் வேண்டும்.

ஒரு கோரிக்கை வரும்போது அதை எப்படிச் சோதிப்பது? அங்கீகாரக் கோரிக்கைக்கு ஃப்ரேசர் கேட்பதைப் படிப்படியாக இப்படி வைக்கலாம்:

1. இப்போதுள்ள ஏற்பாடு கோருபவரைப் பிறருக்கு நிகராகப் புழங்கவிடாமல் தடுக்கிறதா? தடுக்கும் விதியை, வழக்கத்தைச் சுட்டிக்காட்ட வேண்டும்.

2. கேட்கும் தீர்வு அந்தத் தடையை நீக்குமா?

3. அதே தீர்வு அந்தக் குழுவுக்கு வெளியே உள்ள யாரையாவது கீழே தள்ளுமா?

4. குழுவுக்கு உள்ளேயே யாரையாவது, குறிப்பாகப் பெண்களை, கீழே தள்ளுமா?

நான்கையும் தாண்டினால்தான் அது நீதிக் கோரிக்கை. நெல்லைச் சீமையில் இதன் கூர்மை உடனே தெரியும். "எங்கள் தெரு வழியாகச் சப்பரம் வரக் கூடாது, அது எங்கள் மரபு" என்பதும் அங்கீகாரத்தின் மொழியில்தான் பேசப்படுகிறது. "எல்லாத் தெருவுக்கும் வரும் சப்பரம் எங்கள் தெருவுக்கும் வர வேண்டும்" என்பதும் அப்படியே. முதலாவது மூன்றாம் படியில் விழுகிறது. இரண்டாவது தாண்டுகிறது. இரண்டு தரப்பும் உணர்வு புண்பட்டதாகச் சொல்கிறது, ஆகவே சமாதானக் கூட்டத்தில் நடுவில் கோடு போடுவோம் என்ற தாலுகா ஆபீஸ் வழக்கத்துக்கு இந்த அளவுகோல் இடம் தராது.

நான்காம் படியை ஊர்க்காரர்கள் பேச விரும்புவதில்லை. சாதியின் மானம் என்று எழும் கோரிக்கைகளில் எத்தனை அந்தச் சாதிப் பெண் யாரைக் கட்டிக்கொள்கிறாள் என்பதன் மேல் நிற்கின்றன என்று எண்ணிப் பார்த்தால் காரணம் விளங்கும்.

தீர்வே தீர்வைக் கெடுக்கும் இடம்

ஃப்ரேசரின் 1995-ஆம் ஆண்டுக் கட்டுரை, 'நியூ லெஃப்ட் ரிவியூ' இதழில் வந்தது, இன்றும் பேசப்படுவது இந்தப் பகுதிக்காகத்தான். தீர்வுகளை அவர் இரண்டாகப் பிரிக்கிறார். அநீதியை உண்டாக்கும் அடிப்படையைத் தொடாமல் விளைவை மட்டும் திருத்துவது ஒன்று. அதை 'மேல்திருத்தம்' என்போம். அடிப்படையையே மாற்றுவது மற்றது, 'அடித்திருத்தம்'.

அவருடைய முக்கியமான கவனிப்பு இது. பொருளில் செய்யும் மேல்திருத்தம் மரியாதையில் புதுக் காயத்தை உண்டாக்கும். அடிப்படை மாறாததால் உதவியை மறுபடி மறுபடி கொடுக்க வேண்டியிருக்கிறது. கொடுக்கக் கொடுக்க, வாங்குபவர்கள் எப்போதும் வாங்குகிறவர்கள், சலுகையில் வாழ்கிறவர்கள் என்ற முத்திரை அழுத்தமாகிறது. 'சலுகை' என்ற சொல்லே அந்த முத்திரைதான். உரிமையாக எழுதப்பட்ட ஒன்று வகுப்பறைக்குள் வரும்போது "ஸ்காலர்ஷிப் பிள்ளைகள் எழுந்து நில்லுங்கள்" என்று ஆகிவிடுகிறது. பணம் வீட்டுக்கு வருகிறது. சாதி வகுப்புக்குத் தெரிந்துவிடுகிறது.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவரும் அவருடைய தங்கையும் உடன்படித்த மாணவர்களால் வீடு புகுந்து வெட்டப்பட்டார்கள். அதன்பின் அரசு அமைத்த நீதிபதி கே. சந்துரு ஒருநபர் குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. கையில் வண்ணக் கயிறு கட்டத் தடை, வருகைப் பதிவேட்டில் சாதிக் குறிப்பு கூடாது, மாணவர்களை அகர வரிசையில் உட்கார வைக்க வேண்டும், பள்ளிப் பெயர்களில் ஒட்டியிருக்கும் சாதி அடையாளம் நீங்க வேண்டும் என்பவை அதன் பரிந்துரைகளில் சில. கயிறுதான் செய்தியில் பெரிதாக அடிபட்டது. ஃப்ரேசரின் கோலில் பார்த்தால் கயிற்றைவிட அகர வரிசைதான் கனமான பரிந்துரை. கயிறு ஒரு குறி. அறுத்தால் வேறொரு குறி வரும்: சட்டை பட்டன், பைக் ஸ்டிக்கர், செல்போன் முகப்புப் படம். உட்காரும் இடமோ ஏற்பாடு. யார் யாரோடு தோள் உரசி ஒரு வருடம் இருக்கிறார்கள் என்பதை அது மாற்றுகிறது.

அதே அறிக்கையில் மற்றொரு பரிந்துரை: ஆதிதிராவிடர் நலப் பள்ளிகள், கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் முதலிய எல்லாவற்றையும் பள்ளிக் கல்வித் துறையின் கீழ் கொண்டுவருவது. இங்கேதான் ஃப்ரேசர் சொன்ன சிக்கல் அப்படியே வந்து நிற்கிறது. தனிப் பெயர் தாங்கிய பள்ளி அந்தப் பெயராலேயே பிள்ளையைக் குறிக்கிறது. ஆகவே பெயர் போக வேண்டும். ஆனால் தனிப் பெயரோடு தனி நிதியும் தனி விடுதியும் ஒட்டியிருக்கின்றன. பெயர் போகும்போது அவையும் பொதுவில் கரைந்துவிடுமோ என்ற அச்சம் வீண் அச்சம் அல்ல. அங்கீகாரத்தில் அடித்திருத்தம், பங்கீட்டில் இழப்பு. தீர்வு என்ன? பெயரை நீக்குவதற்கு முன்பே நிதியைப் பெயரிலிருந்து கழற்றிப் பள்ளியின் தேவையோடு கட்டிவிட வேண்டும். வரிசை மாறினால் கெடும்.

பெயர் மாற்றத்தின் கதையும் இப்படித்தான். தேவேந்திரகுலத்தான், கடையன், காலாடி, குடும்பன், பள்ளன், பண்ணாடி, வாதிரியான் என்ற ஏழு பெயர்களையும் 'தேவேந்திரகுல வேளாளர்' என்ற ஒரே பெயரின் கீழ் கொண்டுவரும் சட்டத் திருத்தம் 2021-இல் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. கோரிக்கையில் இரண்டு கூறுகள் இருந்தன. பொதுப்பெயர் ஒன்று, பட்டியல் சாதிகளின் அட்டவணையிலிருந்தே வெளியேற வேண்டும் என்று ஒரு பகுதியினர் கேட்டது மற்றொன்று. முதலாவது கிடைத்தது. இரண்டாவது கிடைக்கவில்லை.

இரண்டையும் ஒரே கோரிக்கையின் இரண்டு பாதி என்று பார்ப்பது பிழை. பெயர், பங்கீட்டில் கைவைக்காத அங்கீகாரம். யாருக்கும் எதுவும் குறையாது. அட்டவணையிலிருந்து வெளியேறுவது அப்படியல்ல. தமிழ்நாட்டின் 18 விழுக்காட்டு இடஒதுக்கீடு, தனித்தொகுதிகள், உயர்கல்வி உதவித்தொகை, 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப் பாதுகாப்பு எல்லாம் அந்த அட்டவணையோடு கட்டப்பட்டவை. வெளியேறக் கேட்பவர்களின் வாதம், இந்தப் பட்டியல்தான் எங்களைத் தாழ்ந்தவர் என்று குறிக்கிறது என்பது. உதவி முத்திரையாக மாறும் என்று ஃப்ரேசர் சொன்னதன் இன்னொரு வடிவம்தான் இது; புறந்தள்ளக் கூடாது. ஆனால் இரண்டாம் படிக் கேள்வி நிற்கிறது. பட்டியலில் இல்லாமல் போனால் ஊர்த் தெருவில் தடை நீங்குமா? தடையை உண்டாக்கியது பட்டியலா, பட்டியலுக்கு நூற்றாண்டுகள் முந்திய வழக்கமா? எங்கள் கணிப்பில் இரண்டாவதுதான். அப்படியானால் வெளியேறுவது முத்திரையையும் போக்காது. கவசத்தை மட்டும் கழற்றும்.

பெயரும் பொருளும் ஒன்றாக நகர்ந்த உதாரணமும் இங்கேயே இருக்கிறது. பழைய திருநெல்வேலிச் சீமையில் சாணார் என்று அரசுப் பதிவுகளில் இருந்த பெயர் 1921-இல் நாடார் என மாறியது. அதற்கு வெகுமுன்பே கடை கடையாக மகமை (சமூகப் பொதுநிதிக்கான பங்கு) வசூலித்துப் பேட்டை, பள்ளிக்கூடம், சங்கம் என்று கட்டத் தொடங்கிவிட்டார்கள். நாடார் மகாஜன சங்கம் 1910-இல். பெயர் மாறியது கடைசிப் படி. பெயர் முதலில் வந்து பொருள் பின்னால் வரும் என்று இந்த வரலாற்றை எடுத்துக்காட்டுபவர்கள் அதைத் தலைகீழாகப் படிக்கிறார்கள்.

யார் கணக்கில் வருகிறார்கள்?

மூன்றாவது காலான பிரதிநிதித்துவத்தில் இரண்டு மட்டங்கள் முக்கியம்.

முதல் மட்டம் சாதாரணமானது: வரம்புக்குள் இருப்பவருக்குக் குரல் சமமாக இருக்கிறதா? ஊராட்சித் தலைவர் பதவி தனித்தொகுதி ஆகிறது, ஒருவர் வெல்கிறார், நாற்காலி மட்டும் கிடைப்பதில்லை. தாழையூத்தில் ஊராட்சித் தலைவராக இருந்த தலித் பெண் 2011-இல் வெட்டப்பட்டார். இடம் ஒதுக்கப்பட்டது, சமநிலை ஒதுக்கப்படவில்லை. பொதுவெளி பற்றி 1990-இல் ஃப்ரேசர் ஹாபர்மாஸுக்குச் சொன்ன மறுப்பு இங்கே பொருந்தும். அந்தஸ்தை வாசலில் விட்டுவிட்டு எல்லோரும் சமமாகப் பேசுவோம் என்று பாவித்துக்கொண்டால் லாபம் மேலே இருப்பவருக்குத்தான். கிராம சபையில் யார் வேண்டுமானாலும் பேசலாம். ஆனால் யார் நாற்காலியில், யார் தரையில், யார் மரத்தடியில் தள்ளி நிற்கிறார் என்பது பேச்சு தொடங்கும் முன்பே முடிவாகியிருக்கிறது. அதனால்தான் கீழே இருப்பவர்கள் முதலில் தங்களுக்குள் பேசிப் பழக ஒரு தனி இடம் தேவைப்படுகிறது என்றார். எதிர்ப் பொதுவெளி என்பது இதுதான். அதைப் பிரிவினை என்று சொல்பவர்கள் பொதுக்கூட்டம் ஏற்கெனவே பிரிந்திருப்பதைப் பார்ப்பதில்லை.

இரண்டாம் மட்டம் ஆழமானது. வரம்பே தவறாகப் போடப்பட்டால், வெளியே விழுந்தவர்களுக்குக் கேட்கும் உரிமைகூட இருக்காது. மாஞ்சோலையை இதற்கென்றே செய்த உதாரணம் எனலாம்.

- சிங்கம்பட்டி ஜமீன் சுமார் 8,374 ஏக்கரை 1929-இல் பம்பாய் பர்மா வணிகக் கழகத்துக்கு 99 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்தது. குத்தகை 2028-இல் முடிகிறது.
- ஜமீன் ஒழிப்புக்குப் பின் நிலம் அரசுடையது. களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகம் 1988-இல் வந்தது.
- கூலி உயர்வு, கைதான தொழிலாளர் விடுதலை ஆகியவற்றைக் கேட்டு 1999 ஜூலை 23-இல் திருநெல்வேலி ஆட்சியர் அலுவலகம் நோக்கி நடந்த பேரணி தடியடியில் முடிந்தது. தாமிரபரணியில் 17 பேர் இறந்தார்கள்.
- 2024-இல் நிறுவனம் விருப்ப ஓய்வு கொடுத்து வேலையை முடித்துக்கொண்டது. தோட்டத்தை அரசின் தேயிலைக் கழகமான டான்டீ ஏற்று நடத்த வேண்டும் என்ற மனுக்களை உயர் நீதிமன்ற மதுரைக் கிளை அந்த ஆண்டு டிசம்பரில் ஏற்கவில்லை.

குத்தகைப் பத்திரத்தில் இரண்டு தரப்பு: கொடுத்தவர், எடுத்தவர். வனச் சட்டத்தில் இரண்டு தரப்பு: அரசு, காடு. மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டியில் தலைமுறைகளாகக் கொழுந்து பறித்தவர்கள் இரண்டு பத்திரத்திலும் இல்லை. அவர்கள் 'ஊழியர்' என்ற வரம்புக்குள் மட்டும் இருந்தார்கள். வேலை முடிந்ததும் அந்த வரம்பும் முடிந்தது. பணிக்கொடையைப் பற்றிப் பேசலாம், நிலத்தைப் பற்றிப் பேச முடியாது.

2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஒரு கதவு போலத் தோன்றும். பழங்குடி அல்லாத வனவாசிகளுக்கு அது கேட்பது, 2005 டிசம்பர் 13-க்கு முன் மூன்று தலைமுறை, அதாவது 75 ஆண்டு, முதன்மையாகக் காட்டில் வாழ்ந்து அதை நம்பிப் பிழைத்திருக்க வேண்டும் என்பது. 75-ஐக் கழித்தால் 1930 டிசம்பர் வருகிறது. குத்தகை எழுதியதே 1929-இல். முதல் தேயிலைச் செடி நட்ட குடும்பமாகவே இருந்தாலும் கோட்டின் விளிம்பில்தான் நிற்க முடியும். அதன்பின் ஏறி வந்தவர்களுக்கு அதுவும் இல்லை. போதாக்குறைக்கு, கம்பெனிக் கூலி காட்டை நம்பிய பிழைப்பு ஆகுமா என்ற கேள்வி வேறு. இங்கே யாரும் யாரையும் இழிவாகப் பேசவில்லை, கணக்கிலும் பிழை இல்லை. கோடு போட்ட இடத்தில்தான் அநீதி இருக்கிறது. இதற்கு ஃப்ரேசர் வைத்த பெயரைத் தமிழில் 'வரம்புப் பிழை' என்று சொல்லலாம்.

வரம்பை எப்படிப் போடுவது? முதலில், ஒரு முடிவால் பாதிக்கப்படுபவர் எல்லோரும் என்ற கொள்கையை ஃப்ரேசர் ஏற்றிருந்தார். பிறகு அதைக் கைவிட்டார். பாதிப்பு என்று பார்த்தால் பட்டாம்பூச்சிச் சிறகடிப்புவரை போகும். 2008-இல் வந்த நூலில் அதற்குப் பதிலாக, ஓர் ஆளுகை அமைப்புக்குக் கீழ்ப்பட்டு வாழ்பவர் எல்லோரும் என்று மாற்றினார். கூடங்குளத்தில் இந்த வேறுபாடு தெரியும். அங்கிருந்து வரும் மின்சாரத்தால் பயன்பெறுபவர், விலையால் பாதிக்கப்படுபவர் என்று எண்ணினால் தென்மாநிலங்கள் முழுக்க வந்துவிடும். இடிந்தகரையின் குரல் அதில் ஒரு துளி. அணு உலை விதிகளுக்கும் கடல் தடைக்கும் அவசர காலத் திட்டத்துக்கும் அன்றாடம் கீழ்ப்பட்டு வாழ்பவர் யார் என்று எண்ணினால் கடற்கரைக் கிராமங்கள் மையத்துக்கு வருகின்றன.

மறுப்புகள்

ஹொனெத்துக்கு எல்லாமே அங்கீகாரம்தான். கூலிப் போராட்டமும் என் உழைப்பை மதி என்ற போராட்டமே என்பார். 2003-இல் இருவரும் சேர்ந்து வெளியிட்ட விவாத நூலில் ஃப்ரேசரின் பதில் சுருக்கமாக இது: பங்குச் சந்தையோ நிறுவன இணைப்போ வேலையைப் பறிக்கும்போது அங்கே யாரும் யாரையும் அவமதிக்கவில்லை; மதிப்பை வைத்து அதை விளக்க முடியாது. மாஞ்சோலையில் நிறுவனம் வெளியேறியதற்குக் காரணம் குத்தகைக் கெடு. ஃப்ரேசர் பக்கம்தான் இங்கே வலுவாக இருக்கிறது. ஃப்ரேசரைப் போலவே பெண்ணியத் தத்துவவாதிகளான ஜூடித் பட்லரும் ஐரிஸ் மேரியன் யங்கும், நீங்கள் பிரித்துக் காட்டும் இரண்டும் வாழ்க்கையில் பிரிந்தே இல்லையே என்று கேட்டார்கள். கருவிகள் இரண்டு, சுவர் ஒன்று என்பதே அதற்கும் பதில்.

நம் பக்கத்திலிருந்து எழும் மறுப்புதான் கடினமானது. அம்பேத்கர் 1936-இல் சொன்னது, சாதி உழைப்பைப் பிரிப்பதோடு நிற்காமல் உழைப்பவர்களையே பிரிக்கிறது, அதுவும் படிப்படியாக. ஃப்ரேசரின் சோதனை பெரும்பாலும் மேலே ஒரு குழு, கீழே ஒரு குழு என்று இரண்டு தட்டை வைத்துக்கொள்கிறது. நெல்லைச் சீமையில் கீழே இருப்பவருக்கும் கீழே இன்னொருவர் இருக்கிறார். சமநிலைப் பங்கேற்பு என்றால் யாரோடு சமநிலை? மேலுள்ள படியோடு நிகர் ஆவதே கீழுள்ள படியிலிருந்து விலகிக் காட்டுவதால்தான் நடக்கிறது என்றால், ஒரே செயல் ஒரு பக்கம் விடுதலை, மறுபக்கம் அவமதிப்பு. மூன்றாம் படிக் கேள்வியைக் கீழ்நோக்கிக் கேட்க வேண்டும் என்பதை ஃப்ரேசர் மறுக்கமாட்டார். ஆனால் அவர் கோட்பாடு அதைத் தானாகக் கேட்பதில்லை. தமிழ்நாடு 2009-இல் அருந்ததியருக்கு 18-க்குள் 3 விழுக்காடு தனியே ஒதுக்கியதும், இத்தகைய உள்பிரிவு செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2024 ஆகஸ்டில் சொன்னதும் அந்தக் கேள்வியிலிருந்து வந்தவை. கோட்பாட்டைவிட நடைமுறை முன்னால் போயிருக்கும் இடம் இது.

பிந்தைய ஃப்ரேசர்

2014-க்குப் பிறகு அவருடைய கவனம் முதலாளியத்தின் மேலேயே திரும்பியது. தொழிற்கூடத்தில் நடக்கும் சுரண்டலுக்குப் பின்னால் கூலி கொடுக்காமல் எடுத்துக்கொள்ளப்படும் அடுக்கு ஒன்று இருக்கிறது என்கிறார். வீட்டுப் பராமரிப்பு, இயற்கை, பொது அதிகாரம், ஒடுக்கப்பட்டவர்களிடமிருந்து பறிக்கப்படுபவை ஆகியவை அதில் அடங்கும். முதலாளியம் அதைத் தின்றே வாழ்கிறது, தின்று தீர்த்தும் விடுகிறது. பாலஸ்தீனத்துக்கு ஆதரவான அறிக்கையில் கையெழுத்திட்டதற்காக 2024-இல் கொலோன் பல்கலைக்கழகம் அவருக்கு வழங்கவிருந்த வருகைப் பேராசிரியர் பொறுப்பைத் திரும்பப் பெற்றது. அவர் பெயர் அப்போது செய்திகளில் அடிபட்டது அதனால்தான்.

இந்தப் பிந்தைய வேலையை வைத்து முக்கூடல் திண்ணைக்குத் திரும்பினால் பாஸ் புத்தகத்தில் இல்லாத இன்னும் சில வரிகள் தெரியும். தொழிற்கூடம் அவளுடைய வீடு, வாடகை அவளுடையது. விளக்கு அவளுடைய மின்கட்டணம். இலை நறுக்கும் கத்தரி அவளுடையது. இலையை நனைக்கும் தண்ணீர் அவள் குடத்தில் பிடித்தது. பள்ளி விட்டு வந்து பீடியை மடக்கிக் கொடுக்கும் பிள்ளையின் ஒரு மணி நேரம் யார் கணக்கிலும் இல்லை. ஆயிரத்துக்கு இவ்வளவு என்ற கூலியில் இவை எதற்கும் ஒரு பைசா எழுதப்படவில்லை. ஆனால் இவை இல்லாமல் ஒரு கட்டுப் பீடிகூடக் கடைக்குப் போய்ச் சேராது.